மே/பா மாப்பிள்ளை

ஜனவரி 12

அன்புள்ள அப்பாவுக்கு,

மகள் எழுதுவது. நான் நலமாக இருக்கிறேன். உங்கள் இருமல் விட்டதா, அம்மாவின் முழங்கால் வீக்கம் வடிந்ததா என்று எழுதுங்கள்.

நடந்ததை மாடி வீட்டு அக்கா உங்களுக்கு எழுதியிருப்பார். அவர் நாசூக்காகத்தான் எழுதியிருப்பார். அதனால் நானும் ஒரு தடவை சொல்லிவிடுகிறேன். உங்கள் மாப்பிள்ளை தினமும் தன் மூக்குக் கண்ணாடிக் கடைக்குக் கிளம்பும்போது வீட்டை வெளியே பூட்டிக்கொண்டு போவார். கல்யாணமான மறு வாரத்திலிருந்தே அப்படித்தான். "காலம் கெட்டுக் கிடக்கு, உன் பாதுகாப்புக்குத்தான்" என்பார். குரலை உயர்த்தவே மாட்டார். உங்களிடம் இதைச் சொன்னபோது, "பூட்டினா என்ன, திருடன் வரமாட்டான்ல" என்று சிரித்தீர்கள். போன மாதம் சமையலறையில் கேஸ் கசிந்தது. ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு தொண்டை கிழியக் கத்தினேன். மாடி வீட்டு அக்காதான் சுத்தியலை எடுத்து வந்து பூட்டை உடைத்தார். வெளியே வந்தவள் திரும்ப உள்ளே போகவில்லை. அவ்வளவுதான் கதை.

அக்காவோடு படித்தவர் ஒருவர் இந்த ஊர் ஆஸ்பத்திரியில் பெரிய சிஸ்டராக இருக்கிறார். அவர் சொல்லி எனக்கு இங்கே பதிவு ஜன்னலில் வேலையும் பணியாளர் விடுதியில் ஓர் அறையும் கிடைத்தன. முதல் நாள் பார்த்தவர்கள் எல்லாம், "யார் கேராஃப்ல வந்தே?" என்று கேட்டார்கள். இங்கே சிபாரிசுக்கு அதுதான் பெயர். வேலை ஒன்றும் பெரிதில்லை. வருகிறவர்களுக்குச் சீட்டு எழுத வேண்டும். பெயர், வயது, கேராஃப். ஆண்களிடம் இந்த மூன்றாவதைக் கேட்காமல்கூட விட்டுவிடலாம். பெண்களிடம் கேட்காவிட்டால் சீட்டு உள்ளே போகாது.

ஒன்றே ஒன்றுதான் கேட்கிறேன், அப்பா. கடிதத்தின் தலைப்பில் எழுதியிருக்கும் விடுதி விலாசம் உங்களுக்கும் அம்மாவுக்கும் மட்டும். அவருக்குத் தெரியக்கூடாது. தெரிந்தால் என்னால் இங்கே இருக்க முடியாது. எனக்கு வேறு இடமும் இல்லை. பதிலை நேரே இந்த விலாசத்துக்கே என் பெயருக்கு எழுதுங்கள்.

அம்மாவிடம் நான் நன்றாகச் சாப்பிடுவதாகச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மகள்

பிப்ரவரி 3

அன்பு மகளுக்கு,

அப்பாவின் ஆசிகள். இங்கே யாவரும் சுகம். என் இருமல் இருக்கிறது, அது என்னோடுதான் போகும் போலிருக்கிறது. உன் அம்மாவின் முழங்கால் பரவாயில்லை. மாடிப்படி ஏறாதே என்றால் கேட்கிறாளா?

உன் கடிதத்தைப் படித்து மனம் கஷ்டப்பட்டது. கோபத்தில் எடுத்த முடிவு கோபம் இருக்கும்வரைதான் சரியாகத் தெரியும். நீ சின்ன வயதிலும் இப்படித்தான். ஒரு நாள் முழுக்க சாப்பிடாமல் கட்டிலுக்கடியில் கிடந்தாய், யாரோ பென்சிலை எடுத்துவிட்டார்கள் என்று. மாப்பிள்ளையிடம் ஒரு குடி இல்லை, சீட்டாட்டம் இல்லை, கை நீட்டுகிற புத்தி இல்லை. போன வாரம் எனக்குப் புதுக் கண்ணாடி அனுப்பியிருந்தார். எழுத்தெல்லாம் முத்து முத்தாகத் தெரிகிறது.

சரி, நீ கேட்டதற்கு வருகிறேன். உன் விலாசத்தை என் வாயால் மாப்பிள்ளையிடம் சொல்ல மாட்டேன். இது சத்தியம். வாழ்நாள் முழுக்கத் தபால் ஆபீஸில் தபால் பிரித்தவன் நான். அடுத்தவர் கடிதத்தின் ரகசியம் காப்பது எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

விலாசம் சரியா என்று மட்டும் பார்த்துக்கொள். பணியாளர் விடுதி, இரண்டாம் மாடி, தண்ணீர்த் தொட்டியை ஒட்டின அறை, பெரிய ஆஸ்பத்திரி வளாகம், ரயில் நிலையத்துக்கு எதிர்ச் சாலை. சரிதானே? தொட்டிப் பக்கம் கொசு இருக்குமே, வலை கட்டிக்கொள்கிறாயா? பதிவு ஜன்னலில் காலை வேலை என்றால் மதியத்துக்குமேல் அறையில் தனியாகத்தான் இருப்பாயா? பத்திரமாக இரு.

அம்மா உன்னைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னாள்.

அன்புடன்,
அப்பா

பிப்ரவரி 20

அப்பாவுக்கு,

நலம். நீங்கள் நலமா?

உங்கள் கடிதம் நேற்று வந்தது. அது எப்படி வந்தது என்று சொல்கிறேன், கேளுங்கள். உறையின் மேல் உங்கள் கையெழுத்தில் என் பெயர். அதற்குக் கீழே, இங்கே கேராஃப் என்கிறார்களே, அந்த மே/பா போட்டு உங்கள் மாப்பிள்ளையின் பெயர். அதற்குக் கீழே நான் விட்டு வந்த வீட்டின் விலாசம். அந்த விலாசம் முழுவதையும் பச்சை மையில் ஒரே கோடாக அடித்து, பக்கத்தில் விடுதி விலாசத்தை யாரோ எழுதியிருக்கிறார்கள். யாரோ என்ன யாரோ. மூக்குக் கண்ணாடி அளவு எழுதி எழுதிப் பழகின அந்தச் சாய்வு எழுத்தை எனக்குத் தெரியாதா? உறையைப் பிரித்து மறுபடி ஒட்டியிருக்கிறது. ஒட்டினதை மறைக்கக்கூட அவர் சிரமப்படவில்லை.

உறையைக் கையில் வைத்துக்கொண்டு படியிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

நேரே விடுதிக்கு எழுதுங்கள் என்று கேட்டிருந்தேன். நீங்கள் அந்த வீட்டுக்கு எழுதினீர்கள். சரி, மறதி என்று வைத்துக்கொள்கிறேன். ஆனால் உள்ளே என் விலாசத்தை மாடி, அறை, எதிர்ச் சாலை என்று ஒன்று விடாமல் எழுதி, சரிதானே என்று கேட்டிருக்கிறீர்கள். நான் எந்த நேரம் தனியாக இருப்பேன் என்றுகூடக் கேட்டிருக்கிறீர்கள். இதை யார் படிப்பதற்காக எழுதினீர்கள், அப்பா?

மே/பா என்று போட்டால் கடிதம் யார் கைக்குப் போகும் என்பது தெருவில் போகிறவருக்குத் தெரியாமல் இருக்கலாம். உங்களுக்குத் தெரியும். உறையில் இருக்கிற ஆளைப் பார்க்காதே, மே/பா யார் என்று பார், அங்கேதான் கடிதம் இறங்கும் என்று சாப்பாட்டு நேரத்தில் எத்தனை தடவை சொல்லியிருக்கிறீர்கள். வாயால் சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்தீர்கள். வாயால் சொல்லவில்லைதான். சத்தியத்தை ரொம்ப அழகாகக் காப்பாற்றிவிட்டீர்கள்.

எனக்கு இப்போது பயமாக இருக்கிறது. அதைவிட ஆத்திரமாக இருக்கிறது. பதில் எழுதுங்கள். இந்தத் தடவை நேரே.

மகள்

மார்ச் 8

அன்பு மகளுக்கு,

ஆசிகள். இங்கே நலம். வீட்டுச் சுவருக்கு வெள்ளையடித்துக்கொண்டிருப்பதால் பதில் எழுதத் தாமதம். சாமானெல்லாம் கூடத்தில் கிடக்கிறது, பேனாவைத் தேடுவதற்கே அரை நாள் ஆயிற்று.

பெற்றவனைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா இது? கை பழக்கம். கல்யாணத்திலிருந்து உனக்கு அப்படித்தான் எழுதி வந்திருக்கிறேன், கை தானாகப் போட்டுவிட்டது. தவிரவும் ஒரு பெண்பிள்ளையின் பெயரை மட்டும் மொட்டையாகப் போட்டு விடுதிக்கு எழுதினால் யார் கையில் சிக்கும் என்று சொல்ல முடியாது. யாருடைய பொறுப்பில் இருக்கிறாள் என்று உறையைப் பார்த்ததுமே தெரிய வேண்டும். அதற்குத்தான் அந்த இரண்டு எழுத்தை வைத்திருக்கிறார்கள். மரியாதைக்காக வைத்தது. நீ அதை என்னவோ விலங்கு மாதிரி பேசுகிறாய்.

மாப்பிள்ளை படித்தால்தான் என்ன? வேறு ஒருவர் என்றால் கிழித்துப் போட்டிருப்பார். அவர் தபால்தலை ஒட்டி உனக்கு அனுப்பியிருக்கிறார். அந்தக் குணத்தை நீ பார்க்கவில்லை. பச்சை மையைத்தான் பார்க்கிறாய்.

இந்தக் கடிதத்தை நீ சொன்னபடி நேரே அனுப்புகிறேன். மே/பா வார்டன் என்று போட்டிருக்கிறேன். அதற்கும் கோபித்துக்கொள்ளாதே.

அன்புடன்,
அப்பா

அம்மா எழுதுவது. நான் சுகம். உடம்பைப் பார்த்துக்கொள் கண்ணு. இடம் இல்லை.

மார்ச் 15

அப்பாவுக்கு,

உங்கள் இருமலுக்கு வெந்நீர் குடியுங்கள். அம்மா நலமா?

அவன் வந்தான். இனிமேல் எனக்கு அவன் 'அவர்' இல்லை. திருத்த வேண்டாம்.

திங்கட்கிழமை காலை. ஜன்னலுக்கு வெளியே வரிசை வாசல் வரைக்கும் நின்றது, யார் குரல் என்று பிரித்தறிய முடியாத இரைச்சல். நான் நிமிர்ந்து பார்க்காமல் எழுதிக்கொண்டே இருந்தேன்.

"அடுத்தது. பேர்?"

என் பெயரைச் சொன்னான். ஊரில் எத்தனையோ பேருக்கு அந்தப் பெயர், எழுதினேன்.

"வயசு?"

என் வயதைச் சொன்னான்.

"கேராஃப்?"

"நான்தான்" என்றான். அப்போதுதான் நிமிர்ந்தேன். இஸ்திரி போட்ட சட்டை, கையில் குடை, முகத்தில் கடைக்கு வருகிறவர்களுக்குக் காட்டுகிற அதே சிரிப்பு.

பின்னால் நின்ற ஒரு அம்மா, "ஏம்ப்பா, நோயாளி எங்கே?" என்று கேட்டார்.

"உள்ள உக்காந்திருக்காங்களே, அவங்கதான்" என்றான். வரிசையில் நாலு பேர் சிரித்தார்கள். பெண்டாட்டியோடு விளையாடுகிறான் என்று நினைத்திருப்பார்கள். அவன் ஜன்னலுக்குள் குனிந்து மெதுவாகச் சொன்னான். "கிளம்பலாமா? வண்டி வெளிய நிக்குது. பூட்டு புதுசு வாங்கிட்டேன். இது நல்ல பூட்டு, சுத்தியலுக்கெல்லாம் மசியாது."

என் கையில் இருந்த பேனா கீழே விழுந்ததா, நான் விட்டெறிந்தேனா என்று தெரியவில்லை. ஜன்னல் பலகையை இழுத்து அடைத்தேன். பெரிய சிஸ்டர் ஓடி வந்தார். காவலாளி அவனை வெளியே கூட்டிப் போனார். அவன் காவலாளிக்கு நன்றி சொல்லிவிட்டு, நேரே நிர்வாக அதிகாரியின் அறைக்குப் போனான்.

மதியம் என்னைக் கூப்பிட்டார்கள். அதிகாரி, வார்டன் அம்மா, இரண்டு பேரும் இருந்தார்கள். அதிகாரி என்னைப் பார்க்காமல் மேஜைக் கண்ணாடியைப் பார்த்துப் பேசினார். "புருஷன் கேராஃப் இருக்கும்போது விடுதியில எப்படிம்மா வச்சுக்கறது? நாளைக்கு ஒண்ணுன்னா யாரு பதில் சொல்றது?" வார்டன் அம்மா விதியைச் சொன்னார். விடுதியில் இருக்கும் ஒவ்வொரு பெண்ணுக்கும் பொறுப்பாளர் ஒருவர் வேண்டும். பெற்றவர் கைப்பட எழுதித் தர வேண்டும். நான் வந்தபோது பெரிய சிஸ்டரை நம்பி அதைக் கேட்காமல் விட்டுவிட்டார்களாம். என் கேராஃப் நானே என்று போடக்கூடாதா என்று கேட்டேன். "அப்படிப் போட்டவங்க இதுவரைக்கும் யாரும் இல்லை" என்றார். மாதக் கடைசிக்குள் கடிதம் வராவிட்டால் அறையைக் காலி செய்ய வேண்டும்.

டாக்டர்களும் சீட்டில், கேராஃபுக்குப் போடுகிற C/O என்ற இதே இரண்டு எழுத்தைத்தான் போடுகிறார்கள். அவர்களுக்கு அர்த்தம் வேறு. 'கம்ப்ளெயின்ஸ் ஆஃப்', அதாவது வந்தவர் என்ன உபத்திரவம் என்று சொல்கிறார் என்பதற்கு அது சுருக்கெழுத்து. ஒரே சீட்டில் மேலே கேராஃப் புருஷன் பெயர், கீழே கேராஃப் நெஞ்சு வலி. முன்பெல்லாம் இதைப் பார்த்து எனக்குச் சிரிப்பு வரும்.

உங்களிடம் கேட்கக்கூடாது என்று இரண்டு நாள் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். வேறு வழி இல்லை. வார்டன் அம்மாவுக்கு ஒரே ஒரு வரி எழுதுங்கள். இவள் என் மகள், இவளுக்கு நான் பொறுப்பு, கேராஃப் அப்பா. அது போதும். மற்ற எதையும் நான் மறந்துவிடுகிறேன் என்று பொய் சொல்ல மாட்டேன். ஆனால் எழுதுங்கள்.

மகள்

மார்ச் 30

அப்பா,

நீங்களும் அம்மாவும் நலம்தானே? உடம்புக்கு ஏதாவது என்றால் யாரையாவது விட்டு எழுதச் சொல்லுங்கள்.

வார்டன் அம்மாவுக்கு இன்னும் உங்கள் கடிதம் வரவில்லை. தினமும் தபால் வரும் நேரம் அவர் அறை வாசலில் போய் நிற்கிறேன். அவர் தலையாட்டுகிறார், நான் திரும்புகிறேன். பெரிய சிஸ்டர் கெஞ்சிக் கேட்டு இன்னும் இரண்டு வாரம் தவணை வாங்கித் தந்திருக்கிறார். அதற்குமேல் நான் கேராஃப் பிளாட்பாரம்தான்.

அவன் தினமும் வருகிறான். ஆஸ்பத்திரி வாசலுக்கு எதிரே இருக்கும் பெஞ்சில் உட்கார்ந்து பேப்பர் படிக்கிறான். சாயங்காலம் எழுந்து போகிறான். ஒரு வார்த்தை பேசுவதில்லை. எதிரே வருகிற நர்ஸுகளுக்கு வணக்கம் சொல்கிறான். பாதிப் பேருக்கு இப்போது அவன்மேல் பரிதாபம். "இப்படி ஒரு மனுஷன் வாசல்ல காத்துக் கெடக்கறாரே" என்கிறார்கள்.

ஒரு வரி, அப்பா.

மகள்

ஏப்ரல் 9

அன்பு மகளுக்கு,

ஆசிகள். நாங்கள் நலம். வெயில் அதிகம், மத்தியானத்தில் வெளியே போகாதே. வெள்ளையடிக்கிற வேலை ஒரு வழியாக முடிந்தது. கூடத்துச் சுவருக்கு இளநீலம் போட்டிருக்கிறோம், நீ பார்த்தால் உனக்குப் பிடிக்கும்.

நீ கேட்டபடி வார்டனுக்கு எழுதி அனுப்பிவிட்டேன். எல்லாம் விவரமாக எழுதியிருக்கிறேன். நீ எதற்கும் கவலைப்படாதே. உன் நன்மையைத் தவிர எனக்கு வேறு என்ன இருக்கிறது? சீக்கிரம் எல்லாம் நல்லபடியாக முடியும்.

அன்புடன்,
அப்பா

ஏப்ரல் 14

அப்பா,

நலம் விசாரிக்க மனசில்லை.

வார்டன் அம்மா உங்கள் கடிதத்தை என் கையில் கொடுத்தார். கொடுத்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கையெழுத்து நன்றாக இருக்கிறது, அடித்தல் திருத்தல் இல்லை. "என் மகள் சற்று மனக்குழப்பத்தில் இருக்கிறாள். அவளுக்குப் பொறுப்பாளர் அவளுடைய கணவரே. மே/பா என்ற இடத்தில் அவர் பெயரையே குறித்துக்கொள்ளவும். அவர் வந்து கேட்கும்போது அவளை அவருடன் அனுப்பிவைக்குமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்." தாழ்மையுடன்.

ஆகவே நான் மனக்குழப்பக்காரி. சுவாசிக்க முடியாமல் ஜன்னல் கம்பியில் மூக்கை வைத்துக்கொண்டு நின்றேனே, அப்போது எனக்குக் குழப்பம் எதுவும் இல்லை. செத்துப்போவேன் என்று தெளிவாகத் தெரிந்தது. அன்றைக்கு நான் செத்திருந்தால் நீங்கள் வந்து அவன் தோளைத் தட்டி, "நீங்க என்ன பண்ணுவீங்க மாப்பிள்ளை" என்று ஆறுதல் சொல்லியிருப்பீர்கள். சொல்லியிருப்பீர்கள்தானே?

பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறவனைக்கூட எனக்குப் புரிகிறது. அவன் பூட்டுகிற ஜாதி. உங்களைத்தான் புரியவில்லை. நான் தவறி விழுந்தால் முட்டி சிராய்க்கும் என்று சைக்கிள்கூடக் கற்றுத் தராத அப்பா நீங்கள். எனக்கு ஒரு வலி என்றால் தாங்காத மனுஷன், எனக்கு மூச்சே நின்றாலும் பரவாயில்லை, அவன் வீட்டில் நிற்கட்டும் என்று எப்படி நினைத்தீர்கள்? ஊர் என்ன சொல்லும் என்றா? ஊர் என் சமையலறையில் நிற்கவில்லை.

வார்டன் அம்மாவைக் கல்நெஞ்சக்காரி என்று நினைத்திருந்தேன். உங்கள் கடிதத்தை வாங்கி மேஜை டிராயரில் போட்டு மூடினார். "எனக்கு வேலை ஜாஸ்தி. இதை அதிகாரி மேஜைக்கு அனுப்ப எப்படியும் பத்து நாள் ஆகும். அதுக்குள்ள உனக்கு என்ன செய்யணுமோ செய்துக்க" என்றார். பெற்றவர் தராததை ஒரு முன்பின் தெரியாத பொம்பளை தந்தார். நன்றாக நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இனி உங்களிடம் கேட்க எனக்கு ஒன்றும் இல்லை.

மகள்

ஏப்ரல் 19

என் கண்ணுக்கு,

அம்மா எழுதுவது. நான் சுகம். நீ தூங்குகிறாயா, சாப்பிடுகிறாயா?

உனக்கு நான் தனியாக எழுதும் முதல் கடிதம் இது. அப்பா எழுதி முடித்து அடியில் மிச்சம் வைக்கிற இடத்தில்தான் இத்தனை நாளும் எழுதியிருக்கிறேன். அந்த இடத்தில் என்ன எழுதினாலும் அவர் படித்துவிட்டுத்தான் ஒட்டுவார். அதனால் உடம்பைப் பார்த்துக்கொள் என்பதோடு நிறுத்திக்கொண்டேன்.

உன் கடைசிக் கடிதத்தை அவர் எனக்குப் படித்துக் காட்டவில்லை. மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு இரண்டு நாள் திரிந்தார். அவர் குளிக்கப் போன நேரம் எடுத்துப் படித்தேன். வார்டனுக்குப் போன அந்தக் கடிதத்துக்குத் தபால்தலை ஒட்டியது நான்தான், தெரியுமா? என்ன எழுதியிருக்கீங்க என்று கேட்டேன். "நல்லதுதான் எழுதியிருக்கேன், ஒட்டு" என்றார். ஒட்டினேன். என் நாக்கை அறுத்துப் போட வேண்டும்.

அன்றைக்குச் சாயங்காலம் அந்த ஆள் அனுப்பின புதுக் கண்ணாடியை எடுத்துக் குப்பைத் தொட்டியில் போட்டு மேலே சாம்பலைக் கொட்டினேன். இவர் வீடு பூராவும் தேடுகிறார். நானும் கூடச் சேர்ந்து தேடுகிறேன்.

நீ இங்கே வராதே. வந்தால் மறுநாளே இவர் அந்த ஆளுக்குச் சொல்லிவிடுவார். வேறு எங்கேயாவது போய்விடு. பெரிய சிஸ்டரிடம் கேள், அவருக்கு நாலு ஊரில் ஆள் இருக்கும். எங்கே போனாலும் எனக்கு மட்டும் எழுது. உறையில் என் பெயரே வேண்டாம், இந்த வட்டாரத் தபால்காரன் உன் அப்பாவிடம் தொழில் பழகினவன். தெருமுனைத் தையல்காரியின் பெயரை மட்டும் போடு. அவளிடம் சொல்லி வைத்திருக்கிறேன். உன் கையெழுத்தைக் கண்டால் ரவிக்கைத் துணிக்குள் வைத்து என்னிடம் கொடுத்துவிடுவாள்.

இவர் கெட்டவர் இல்லை என்று இத்தனை வருஷமும் எனக்கு நானே சொல்லிக்கொண்டு இருந்தேன். இப்போது எனக்குச் சொல்ல வரவில்லை.

உன் அம்மா

மே 17

அன்பு மகளுக்கு,

அப்பாவின் ஆசிகள். இந்தக் கடிதம் உன் கையில் கிடைக்குமா என்று தெரியாமல்தான் எழுதுகிறேன். பெரிய சிஸ்டருக்கு, உன்னிடம் சேர்க்கும்படி கேட்டு அனுப்புகிறேன்.

மாப்பிள்ளை எழுதியிருந்தார். அவர் அதிகாரியின் அனுமதியோடு விடுதிக்கு வந்து நின்றபோது உன் அறை காலியாக இருந்ததாம். வார்டனுக்கு ஒன்றும் தெரியாதாம். பெரிய சிஸ்டரும் தெரியாது என்று சாதிக்கிறாராம். எங்கே போனாய்? ஒரு வயசுப் பெண், யார் துணையும் இல்லாமல் எந்த ஊரில், எந்தத் தெருவில் இருக்கிறாள் என்று பெற்ற தகப்பனுக்கே தெரியவில்லை என்றால் நான் வெளியில் எப்படித் தலைகாட்டுவது?

நான் செய்தது தப்பு என்று இப்போதும் நினைக்கவில்லை. உன்னை ஒரு இடத்தில் பத்திரமாகச் சேர்க்கத்தான் பார்த்தேன். வழி தவறின கடிதத்தைச் சரியான பையில் போடுகிற மாதிரிதான்.

என் கண்ணாடி தொலைந்து போயிற்று. தடவித் தடவித்தான் எழுதுகிறேன், வரி கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள். உன் அம்மாவும் முன்போல் பேசுவதில்லை. சாப்பாடு வைக்கிறாள், போகிறாள். வீட்டில் இரண்டு பேர் இருக்கிறோம், சத்தமே இல்லை. விலாசம் மட்டும் எழுது. யாரிடமும் சொல்ல மாட்டேன்.

அன்புடன்,
அப்பா

ஜூன் 24

அப்பாவுக்கு,

நான் நலம். நீங்கள் நலமாக இருக்க வேண்டும். இதைச் சும்மா எழுதவில்லை.

உங்கள் கடிதம் கைக்குக் கை மாறி என்னிடம் வந்தது. யார் யார் கை என்று கேட்காதீர்கள். எனக்கு வேலை இருக்கிறது. அறை இருக்கிறது. கதவுக்குத் தாழ்ப்பாள் உள்பக்கம் இருக்கிறது. முதல் வாரம் ராத்திரியில் எழுந்து எழுந்து அதைத் தொட்டுப் பார்த்தேன், இப்போது பார்ப்பதில்லை. இங்கே வீடு கொடுத்த அம்மாள், "உனக்கு யாரும்மா கேராஃப்?" என்று கேட்டார். யாரும் இல்லை என்றேன். "சரி, தண்ணி காலையில ஆறு மணிக்கு வரும்" என்றார். அதோடு விட்டுவிட்டார். இத்தனை சுலபமான விஷயத்துக்கு நான் எத்தனை பேர் வாசலில் நின்றிருக்கிறேன்.

உங்கள்மேல் கோபம் தணிந்துவிட்டதா என்று நினைப்பீர்கள். தணியவில்லை. தூங்கி எழுந்ததும் இருக்கிறது, பஸ்ஸுக்கு நிற்கும்போது இருக்கிறது. என்னை வழி தவறின கடிதம் என்று எழுதியிருக்கிறீர்கள். நான் உங்கள் மகள். உங்கள் முன்னால் நின்று, வாயைத் திறந்து, என்னை வைத்துப் பூட்டிவிட்டுப் போகிறார் என்று சொன்னவள். கடிதத்துக்கு வாய் கிடையாது.

இந்நேரம் உறையைத் திருப்பிப் பார்த்திருப்பீர்கள். பின்பக்கம் ஒன்றும் எழுதவில்லை. அடுத்து தபால் முத்திரையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்திருப்பீர்கள். அது நான் இருக்கும் ஊர் இல்லை, அந்தப் பக்கம் போகிற ஒருவரிடம் கொடுத்துப் போடச் சொன்னேன். உங்கள் மாப்பிள்ளையிடம் இந்த உறையைக் காட்டுங்கள். அவன் அந்த ஊரில் போய் எந்த பெஞ்சில் வேண்டுமானாலும் உட்காரட்டும்.

என் விலாசம் கேட்டிருந்தீர்கள். யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று மறுபடியும் வாக்குக் கொடுத்திருக்கிறீர்கள். அங்கே என் விலாசம் தெரிந்தவர் ஒருவர்தான். அம்மா. போன மாதமே அவளுக்கு எழுதிவிட்டேன், அவளும் எனக்கு எழுதுகிறாள். இதை உங்களிடம் மறைக்க வேண்டாம், தெரியட்டும் என்று சொன்னதும் அவள்தான்.

அவள் இப்போது அடுத்த அறையில்தான் இருப்பாள். கூப்பிட்டுக் கேளுங்கள். எத்தனை நாள் வேண்டுமானாலும் கேளுங்கள். சொல்ல மாட்டாள்.

மகள்